பேராசிரியரின் அயல்நாட்டுச் சமையலறை

கல்லூரியில் மாணவர்கள் அவருக்கு வைத்த பெயர் கூட்டாட்சி. "டேய், கூட்டாட்சி வருதுடா" என்று வராந்தாவின் ஒரு முனையில் குரல் கேட்டால் மறுமுனையில் சிகரெட் அணையும். அரசியல் அறிவியல் பேராசிரியர். வேலையில் சேர்ந்ததிலிருந்து ஓய்வு பெறும்வரை அவர் எழுதியதும் பேசியதும் ஒரே விஷயம்தான். ஒரு நாட்டின் பகுதிகளுக்கு எவ்வளவு அதிகாரம் இருக்க வேண்டும், ஒரு பகுதி மக்கள் தாங்கள் தனி என்று எப்போது உணரத் தொடங்குகிறார்கள். கல்யாணமான புதிதில் மனைவியைச் சினிமாவுக்கு அழைத்துப் போனபோதுகூட இடைவேளையில் மேலவையின் அதிகாரங்களைப் பற்றித்தான் பேசினார். இடைவேளை முடிந்து படம் ஓடத் தொடங்கிய பிறகும் பேசினார். முன்வரிசைக்காரர் திரும்பிப் பார்த்ததும் குரலைத் தாழ்த்திக்கொண்டு பேசினார்.

அவர் எழுதிய பெரிய புத்தகத்தின் பெயர் 'கூட்டாட்சியும் குறுநில மனமும்'. கல்லூரி அச்சகமே வெளியிட்டது. தனி அடையாளம் மண்ணிலிருந்து முளைப்பதில்லை, அவமானத்திலிருந்து முளைக்கிறது என்பது அதன் சாரம். ஒரே ஒரு மதிப்புரை வந்தது. அதில் அட்டை உறுதியாக இருப்பதாகப் பாராட்டியிருந்தார்கள். விற்காத பிரதிகளை ஓய்வு பெற்ற அன்று கல்லூரி அவரிடமே ஒப்படைத்துவிட்டது. மற்றவர்களுக்கெல்லாம் சுவர்க்கடிகாரம் கொடுத்து அனுப்பிய கல்லூரி அது.

அவர் மனைவி தபால் ஆபீஸ் கவுன்டரில் உட்கார்ந்து ஓய்வு பெற்றவர். அதிகம் பேசாதவர், பேசினால் ரசீது கிழித்துக் கொடுத்தாற்போல இருக்கும். மகள் கல்யாணமாகித் தொலைவில் இருந்தாள். இருவரும் வீடு தேடியபோது ஒட்டிக்கொண்டு நின்ற இரண்டு அடுக்குமாடிக் கட்டடங்கள் கண்ணில் பட்டன. ஒன்று கிழக்கு பிளாக், மற்றது மேற்கு பிளாக். இரண்டாம் மாடியில் கிழக்கின் கடைசி வீடும் மேற்கின் முதல் வீடும் ஒரே சுவரைப் பகிர்ந்துகொண்டிருந்தன. இரண்டும் சின்னஞ்சிறு வீடுகள். இரண்டையும் வாங்கி, நடுச்சுவரை இடித்து ஒரு வாசல் வைத்தார்கள். கூடமும் புத்தக அறையும் குளியலறையும் கிழக்கில் அமைந்தன. படுக்கையறையும், நாலு பேர் உட்கார்ந்து சாப்பிடலாம் என்று தாராளமாக விரித்துக் கட்டிய சமையலறையும் மேற்கில். பேராசிரியர் கிழக்கில் குளித்து மேற்கில் சாப்பிட்டார், கிழக்கில் படித்து மேற்கில் தூங்கினார். அதில் விசேஷம் எதுவும் இருப்பதாக அப்போது யாருக்கும் படவில்லை.

குடிவந்த வாரத்தில் அவர் செய்த முதல் காரியம், படிக்கட்டு ஏறி இறங்கி வீட்டுக்கு ஒரு புத்தகம் கொடுத்தது. கட்டிலுக்கு அடியில் இடம் வேண்டும் என்று மனைவி சொன்னதும் ஒரு காரணம். எல்லோரும் மரியாதையாக வாங்கி வைத்துக்கொண்டார்கள். மேற்கு பிளாக் முதல் மாடியில் இருந்த ஓய்வு பெற்ற பல் டாக்டர் மட்டும் அதைப் படித்துவிட்டார்.

ஒரு நாள் மாலை அவர் கையில் புத்தகத்தோடு வந்து நின்றார். பக்கங்களில் சிவப்புப் பேனாவால் கோடு கிழித்திருந்தது.

"சார், நாலாவது அத்தியாயம் பிரமாதம். ஆனா ஒரு சந்தேகம். 'ஒரு பகுதி பிரிந்து போக விரும்பினால், விரும்புவதே போதிய காரணம்'னு எழுதியிருக்கீங்க. நிஜமாவே போதுமா?"

பேராசிரியர் நெகிழ்ந்துபோனார். கேள்வியால் அல்ல, அந்தச் சிவப்புக் கோடுகளால். வாழ்நாளில் அவர் சந்தித்த முதல் வாசகர் இவர். உள்ளே அழைத்து, நாற்காலியைத் துடைத்து உட்காரவைத்து, "தாராளமா போதும் டாக்டர்" என்று தொடங்கினார். அன்றிலிருந்து பல் டாக்டர் மாலைதோறும் வந்தார். பிரிவினை எப்படித் தொடங்குகிறது, எந்தக் கட்டத்தில் கொடி வேண்டும், எந்தக் கட்டத்தில் வரலாறு வேண்டும் என்றெல்லாம் பேராசிரியர் விலாவாரியாகச் சொல்லிக்கொடுத்தார். பல் டாக்டர் குறிப்பெடுத்துக்கொண்டார்.

இதற்கிடையில் குடியிருப்போர் சங்கத்துக்குத் தலைவர் தேவைப்பட்டது. கூட்டத்தில் யாரோ பேராசிரியரைக் கைகாட்டினார்கள். வேண்டாம் என்று சொல்வதற்கு அவர் மூன்று காரணங்களை வகுத்துக்கொண்டு, முதல் காரணத்தின் முன்னுரையில் இருந்தபோதே எல்லோரும் கைதட்டி முடித்துவிட்டார்கள். செயலாளர் ஒரு டிரைவிங் ஸ்கூல்காரர், கிழக்கு பிளாக் தரைத்தளத்தில் இருந்தார். தண்ணீர் மோட்டாரின் சுவிட்ச் அவர் வீட்டுச் சுவரை ஒட்டி இருந்ததால் காலையில் கிழக்குக்குத் தண்ணீர் ஏறிய பிறகே மேற்குக்கு ஏறும். மேற்கத்திக்காரர்கள் அதை முணுமுணுப்போடு பொறுத்துக்கொண்டிருந்தார்கள்.

டிரைவிங் ஸ்கூல்காரர் ஒரு நாள் ஒரு காகிதத்தை நீட்டினார். பேராசிரியர் அப்போது இரண்டாம் பதிப்புக்கான முன்னுரையின் நடுவில் இருந்தார். படிக்காமலே கையெழுத்துப் போட்டார். மறுநாள் காலை இரண்டு பிளாக்குக்கும் பொதுவான லிஃப்டுக்குள் அது ஒட்டப்பட்டிருந்தது.

"மேற்கு பிளாக் குடியிருப்போர் கவனத்துக்கு: பால்கனியில் துணி உலர்த்தும்போது நாகரிகத்தைக் கடைப்பிடிக்கவும்."

கிழக்கு பிளாக்கிலும் அதே பால்கனிகளில் அதே ஈரத்துணிகள்தான் தொங்கிக்கொண்டிருந்தன. பல் டாக்டர் அன்று மாலை வரவில்லை. அதற்கு அடுத்த மாலை, மேற்கு பிளாக் முழுவதையும் கூட்டிக்கொண்டு கார் நிறுத்தும் இடத்துக்கு வந்தார்.

"நாங்க தனியாப் போறோம்" என்றார். "தனிச் சங்கம், தனி மோட்டார், தனி கேட். ஆட்டம் கண்ட பல்லை வாயில வச்சுட்டு அவதிப்படறதைவிடப் பிடுங்கிடறது நல்லது."

பேராசிரியர் தலைவர் என்ற முறையில் எழுந்து நின்றார். "அவசரப்படாதீங்க. ஒற்றுமைக்குள்ளயே தீர்வு காணலாம்."

பல் டாக்டர் புத்தகத்தைத் திறந்தார். "'ஒற்றுமைக்குள் தீர்வு என்பது, தீர்வை மறுப்பவன் எப்போதும் சொல்லும் வாக்கியம்.' நூத்தி எண்பதாம் பக்கம். யார் எழுதினது சார்?"

"அது வேற சூழல், டாக்டர்."

"'அது வேறு சூழல் என்பது இரண்டாவது வாக்கியம்.' அடுத்த வரி."

கூட்டம் சிரித்தது. பேராசிரியருக்கு முகம் சிவந்தது. ஆனாலும் உள்ளுக்குள் ஒரு மூலையில், மேற்கோள் சரியாகப் பொருந்தியதில் அவருக்குக் கொஞ்சம் பெருமையும் இருந்தது. அவர் தலைமையிலேயே வாக்கெடுப்பு நடந்தது. மேற்கு பிளாக்கில் எல்லாக் கைகளும் உயர்ந்தன. அவற்றில் ஒன்று அவர் மனைவியின் கை.

"நீ எதுக்கும்மா தூக்கினே?" என்றார் வீட்டுக்கு வந்ததும்.

"சமையலறை அந்தப் பக்கம்தானே இருக்கு? அங்க நிக்கறவங்களுக்குத்தானே தண்ணி வராத கஷ்டம் தெரியும்?"

மறுநாள் பல் டாக்டர் அளவு நாடாவோடு வந்து, இரண்டு வீடுகளுக்கும் நடுவே இடித்த வாசலில் மஞ்சள் பெயின்டால் ஒரு கோடு போட்டுவிட்டுப் போனார். பெயின்ட் காயும்வரை தாண்டக் கூடாது என்றார். பேராசிரியர் கூடத்தில் பசியோடு காத்திருந்தார். மனைவி கோட்டுக்கு அந்தப் பக்கம் நின்று தட்டை நீட்டினார்.

மேற்கு பிளாக் புதுச் சங்கத்துக்கு மனைவியையே செயலாளர் ஆக்கினார்கள். வாயில் காவலாளிக்கு இரண்டு தொப்பி வாங்கிக் கொடுத்தார்கள். கிழக்குக் கேட்டில் நீலம், மேற்குக் கேட்டில் பச்சை. இரண்டு கேட்டுக்கும் நடுவே அவர் நாள் முழுவதும் தொப்பியை மாற்றிக்கொண்டே நடந்தார். "எனக்கு ஒண்ணுமில்ல சார். கார் ஹார்ன் அடிச்சா எந்தப் பக்கம்னு பார்த்துட்டுத் தொப்பி மாத்தணும். அதுக்குள்ள அவங்களே இறங்கிக் கேட்டைத் திறந்துக்கறாங்க" என்றார்.

பல் டாக்டர் 'மேற்கு பிளாக் வரலாறு' என்று ஒரு சிறு நூல் எழுதினார். இரண்டு கட்டடங்களில் முதலில் அஸ்திவாரம் தோண்டியது மேற்குக்குத்தான் என்று அதில் நிறுவியிருந்தார். மேற்கு மக்கள் இயல்பாகவே விருந்தினரை வரவேற்பவர்கள், படி ஏறும்போது இடது காலை முதலில் வைப்பவர்கள் என்றும் எழுதியிருந்தார். அதைப் படித்த பிறகு மேற்கு பிளாக்கில் எல்லோரும் இடது காலை முதலில் வைக்கத் தொடங்கினார்கள். இதற்குப் பதிலடியாகக் கிழக்கு பிளாக் ஒரு பெரிய பலகை வைத்தது: 'சூரியன் இங்கேதான் உதிக்கிறது.'

இதையெல்லாம் பேராசிரியர் வேடிக்கையாகத்தான் பார்த்துக்கொண்டிருந்தார், ஒரு காலை மனைவி அந்த வார்த்தையைச் சொல்லும்வரை. டீயைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, ஜன்னலைப் பார்த்தபடி மனைவி சாதாரணமாகச் சொன்னார்: "நாங்க இப்பல்லாம் விடியறதுக்கு முந்தியே மோட்டார் போட்டுடறோம்."

பேராசிரியர் எடுத்த டம்ளரைத் திரும்பக் கீழே வைத்தார். இத்தனை வருட வாழ்க்கையில் இந்த வீட்டில் நாம் என்ற சொல்தான் புழங்கியது. நாம சாப்பிடலாம், நாம போகலாம், நம்ம பொண்ணு. பல நாட்டு மொழிகளில் நாம், நாங்க இரண்டுக்கும் ஒரே சொல்தான். அந்த நாட்டுக் கணவர்கள் கொடுத்துவைத்தவர்கள், மனைவி தங்களைச் சேர்த்துக்கொண்டு பேசுகிறாளா விட்டுவிட்டுப் பேசுகிறாளா என்று தெரியாமலே டீ குடித்துவிடலாம். இவருக்கு அந்த வசதி இல்லை. நாங்க என்ற ஒரு சொல்லில் தான் நாட்டுக்கு வெளியே நிற்பது அவருக்குத் துல்லியமாகத் தெரிந்தது.

"நாங்கன்னா யாரு?" என்றார் மெதுவாக.

"நாங்கதான். மேற்கு."

"அப்ப நான்?"

மனைவி யோசித்தார். தபால் ஆபீஸில் முகவரி சரியில்லாத பார்சலைப் பார்ப்பதுபோல அவரைப் பார்த்தார். "நீங்க தூங்கத்தானே வர்றீங்க" என்றார்.

சாயங்காலம் மகள் போன் செய்தாள். "அப்பா, அம்மா மேற்கத்தியர் ஆயிட்டாங்களாமே? அப்ப நான் லீவுக்கு வந்தா எங்க தங்கறது?"

"ரெண்டு பக்கமும் உனக்கு உரிமை இருக்கும்மா. இதைப் பத்தி ஆறாவது அத்தியாயத்துல..."

"அப்பா, நான் ஓட்டல்ல தங்கிக்கறேன்."

அடுத்த அடி கிழக்கிலிருந்து வந்தது. டிரைவிங் ஸ்கூல்காரர் கூடத்துக்கு வந்து, கொடுத்த நாற்காலியில் உட்காராமல் நின்றுகொண்டே பேசினார்.

"சார், தப்பா எடுத்துக்காதீங்க. நீங்க எங்க தூங்கறீங்க?"

"படுக்கையறையில."

"சாப்பாடு?"

"சமையலறையில."

"ரெண்டும் அந்தப் பக்கம். அந்நிய மண்ணுல தின்னு தூங்கறவர் எங்களுக்குத் தலைவரா இருந்தா ஜனங்க என்ன பேசுவாங்க? ரெண்டு வண்டி கிளட்ச்சை ஒரே நேரத்துல மிதிக்க முடியாது சார்."

பேராசிரியர் ராஜினாமா எழுதிக் கொடுத்தார். சரி, மேற்கிலாவது உறுப்பினராகலாம் என்று பல் டாக்டரிடம் போனார். பல் டாக்டர் வருத்தத்தோடு புத்தகத்தைப் புரட்டினார்.

"'ஒருவனுடைய சிந்தனை எங்கே குடியிருக்கிறதோ அதுவே அவன் தாயகம்.' உங்க வாக்குதான் சார். உங்க புத்தக அறை கிழக்குலல்ல இருக்கு?"

இப்படியாக, தனி அடையாளங்களைப் பற்றி வாழ்நாளெல்லாம் எழுதிய மனிதர் எந்த அடையாளமும் இல்லாதவர் ஆனார். மனைவி ஒரு ஏற்பாடு செய்தார். சமையலறை வாசலில் ஆணி அடித்து, 'விருந்தினர்' என்று எழுதிய அட்டை ஒன்றைத் தொங்கவிட்டார். சாப்பிட வரும்போது பேராசிரியர் அதைக் கழுத்தில் மாட்டிக்கொள்ள வேண்டும். முதல் நாள் அவருக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. ஆனால் உட்கார்ந்த பிறகு ஒன்றைக் கவனித்தார். இதற்கு முன் தட்டில் விழுந்ததைச் சாப்பிட்டுவிட்டு எழுந்து போனவர் அவர். இப்போது மனைவி பக்கத்தில் நின்று, "இன்னும் கொஞ்சம் போடட்டுமா? உப்பு சரியா இருக்கா?" என்று கேட்டார். மேற்கு மக்கள் விருந்தினரை வரவேற்பவர்கள் என்ற வரலாற்றை மனைவி தீவிரமாக நம்பத் தொடங்கியிருந்தார். பேராசிரியர் மறுபடியும் ரோஷப்படவில்லை. சில நாளில் மத்தியானத் தூக்கத்துக்கும் அட்டையைக் கழற்றாமல் படுத்தார்.

அடுத்ததாக மேற்கு பிளாக்கின் மூன்றாம் மாடி கிளம்பியது. அங்கே ஒரு பாட்டு டீச்சர் இருந்தார். வெயில் முழுவதும் தங்கள் தலையில் இறங்குகிறது, கீழே இருப்பவர்கள் தங்கள் நிழலில் குளுகுளுவென்று இருக்கிறார்கள், மொட்டை மாடி யாருக்குச் சொந்தம் என்பதை மூன்றாம் மாடிதான் முடிவு செய்யும் என்று அறிவித்தார். வெயிலில் வளர்ந்தவர்களின் குரல்வளமே தனி என்றார். பல் டாக்டரிடமிருந்து இரவல் வாங்கிய புத்தகம் அவர் கையில் இருந்தது. சிவப்புக் கோடுகளுக்கு மேல் இப்போது பச்சைக் கோடுகளும் விழுந்திருந்தன.

பல் டாக்டர் பேராசிரியரிடம் ஓடி வந்தார். முகம் வெளுத்திருந்தது.

"சார், மேற்கு பிளாக் பிரிக்க முடியாத ஒரே உடம்பு. இது அந்தம்மாவுக்குப் புரிய மாட்டேங்குது. பிரிவினை கூடாதுன்னு எங்கயாவது எழுதியிருக்கீங்களா? ஒரு அடிக்குறிப்பாவது?"

"இல்லையே டாக்டர்."

"முன்னுரையில?"

"முன்னுரையில என் மனைவிக்கு நன்றி சொல்லியிருக்கேன்."

பல் டாக்டர் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். கடைசியில் மேற்குச் சங்கம் ஒரு முடிவு எடுத்தது. இந்தச் சிக்கலைப் பற்றிப் பேச வெளியிலிருந்து ஒரு வல்லுநரை அழைப்பது என்று. மேற்கு பிளாக்கில் பெரிய இடம் பேராசிரியர் வீட்டுச் சமையலறைதான் என்பதால் கூட்டம் அங்கேயே. செயலாளர் என்ற முறையில் மனைவி மஞ்சள் கோட்டுக்கு அந்தப் பக்கம் நின்று அழைப்பு விடுத்தார்.

"ஞாயித்துக்கிழமை காலைல வரமுடியுமா? வெளிநாட்டு வல்லுநர்னு அறிவிச்சிருக்கோம்."

பேராசிரியர் கோட் அணிந்துகொண்டார். ஓய்வு பெற்ற நாளிலிருந்து போடாத கோட், பித்தான் வயிற்றுக்கு எட்டவில்லை. மஞ்சள் கோட்டைத் தாண்டினால் இரண்டே எட்டு. அது வல்லுநருக்கு அழகல்ல என்று அவருக்குத் தோன்றியது. கிழக்கு வாசலைப் பூட்டி, படி இறங்கி, வெளியே சுற்றிக்கொண்டு மேற்குக் கேட்டுக்கு வந்தார். காவலாளி அவசரமாகப் பச்சைத் தொப்பியைத் தேடி மாட்டிக்கொண்டு சலாம் வைத்தார். பேராசிரியர் இடது காலை முதலில் வைத்துப் படியேறினார். மணி அடித்தார்.

மனைவி கதவைத் திறந்து, "வாங்க சார், வாங்க. பயணமெல்லாம் சௌகரியமா இருந்துதா?" என்றார். முகத்தில் சிரிப்பே இல்லை.

"ரொம்ப சௌகரியம்மா. நல்ல ஊர்" என்றார் அவர்.

சமையலறை நிரம்பி வழிந்தது. அடுப்பு மேடையில் மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். குளிர்சாதனப் பெட்டியில் சாய்ந்துகொண்டு பாட்டு டீச்சர் நின்றார். மஞ்சள் கோட்டுக்கு அந்தப் பக்கம், பேராசிரியருடைய சொந்தக் கூடத்தில், டிரைவிங் ஸ்கூல்காரர் தலைமையில் கிழக்கத்திக்காரர்கள் பார்வையாளர்களாக எட்டிப் பார்த்தார்கள். பூட்டிய வாசலைத் தாண்டி அவர்கள் எப்படி உள்ளே வந்தார்கள் என்று கேட்க அவருக்குத் தோன்றவில்லை. அவர் பேசத் தொடங்கியிருந்தார்.

எவ்வளவு நேரம் பேசினார் என்று அவருக்கே தெரியாது. ஆனால் யாரும் தூங்கவில்லை. கல்லூரியில் பின்வரிசை முழுக்கக் குறட்டை விட்ட அதே வாக்கியங்களுக்கு இங்கே ஒருவர் பெருமூச்சு விட்டார், ஒருவர் மேடையைத் தட்டினார். அதிகாரம் கீழே போகப் போக மனிதனுக்கு நெருக்கமாகிறது என்று சொன்னபோது பாட்டு டீச்சர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். எச்சரிக்கையாக இருக்க வேண்டும் என்று சொன்னபோது பல் டாக்டர் துடைத்துக்கொண்டார். இந்த மாதிரி ஒரு வகுப்புக்காகத்தான் அவர் இத்தனை வருடம் சாக்பீஸைத் தேய்த்தார்.

பேசி முடித்ததும் பல் டாக்டர் எழுந்தார்.

"சார், ஒரே கேள்வி. நாங்க பிரிஞ்சோம். இவங்க எங்ககிட்டயிருந்து பிரியறாங்க. நாளைக்கு இவங்ககிட்டயிருந்து எதிர்வீடு பிரியும். எங்கதான் நிறுத்தறது?"

எல்லோரும் அவரைப் பார்த்தார்கள். அவர் மனதில் எல்லா அத்தியாயங்களையும் புரட்டினார். அந்தக் கேள்வி எந்த அத்தியாயத்திலும் இல்லை. அவர் புத்தகத்தை இதற்கு முன் யாரும் படிக்காததால் யாரும் அவரிடம் அதைக் கேட்டதே இல்லை.

"எனக்குத் தெரியல" என்றார்.

எல்லோரும் பலமாகக் கைதட்டினார்கள். வெளிநாட்டு வல்லுநர் ஒருவர் தெரியாது என்று ஒப்புக்கொண்டதை அவர்கள் இதுவரை பார்த்ததில்லை. இவரை நம்பலாம் என்று முடிவு செய்துவிட்டார்கள்.

மூன்றாம் மாடி பிரிந்தது. மொட்டை மாடி அவர்களுக்குப் போயிற்று. வானம் இடிந்து விழவில்லை. அதைப் பார்த்துக் கிழக்கின் தரைத்தளம் பிரிந்தது, அப்புறம் லிஃப்டை ஒட்டிய வீடுகள் பிரிந்தன. சில மாதங்களில், ஆளுக்கொரு சங்கம் என்று சொல்ல முடியாவிட்டாலும் கிட்டத்தட்ட அந்த நிலைமை. சங்கங்கள் பெருகப் பெருகச் சண்டை குறைந்தது வினோதம்தான். எதிரி என்று நினைத்துக்கொள்ள ஒரு பெரிய கூட்டம் யாருக்கும் மிஞ்சவில்லை.

ஒரு நாள் லிஃப்ட் நின்றுபோயிற்று. ரிப்பேர்க்காரர் வந்து, "யாராவது ஒருத்தர் கையெழுத்துப் போட்டாத்தான் கழட்டுவேன்" என்று படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டார். கையெழுத்துப் போடும் உரிமை எந்தச் சங்கத்துக்கும் இல்லை. வேறு வழியில்லாமல் எல்லாச் சங்கங்களும் சேர்ந்து ஒரு பேரவை அமைத்தன. எந்தச் சங்கத்திலும் இல்லாதவர்தான் தலைவராக முடியும் என்றார்கள். தேடிப் பார்த்தால் அப்படி ஒரே ஒரு ஆள்தான் இருந்தார்.

பேரவை அவர் வீட்டு நடு வாசலில் கூடியது. சிலர் கூடத்தில், சிலர் சமையலறையில், தலைவர் நாற்காலி இரண்டுக்கும் நடுவே. காவலாளி தொப்பி எதுவும் இல்லாமல் எல்லோருக்கும் டீ கொடுத்தார். லிஃப்டை மராமத்து செய்வதா, புதிதாக மாற்றுவதா என்பது முதல் தீர்மானம். பேராசிரியர் மராமத்தை முன்மொழிந்து, தனக்கே உரிய நீளத்தில் பேசினார். அவர் மனைவி எழுந்து ஒரே வாக்கியத்தில் எதிர்த்தார்: "ரெண்டு தடவை ரிப்பேர் பண்ணியாச்சு, மூணாவது தடவையும் மாட்டிக்கிட்டா யாரு இறக்கறது?" டிரைவிங் ஸ்கூல்காரர் அவரை ஆதரித்தார். பாட்டு டீச்சர் ஆதரித்தார். பல் டாக்டரும் கொஞ்சம் தயங்கிவிட்டு, தலைவரின் முகத்தைப் பார்க்காமல், கையைத் தூக்கினார்.

தலைவர் கைகளை எண்ணினார். சந்தேகத்துக்கு இடமில்லாமல், சட்டம் சொன்னபடி, தன் சொந்தத் தீர்மானம் தோற்றதாக உரத்த குரலில் அறிவித்தார். அவ்வளவு சந்தோஷமாக ஒரு மனிதர் தோற்றதை அந்தக் கட்டடம் அதுவரை பார்த்ததில்லை. எல்லோரும் கலைந்து போன பிறகு அவர் நாற்காலியை மடித்து ஓரமாகச் சாய்த்து வைத்தார்.

"ரொம்ப நல்லாப் பேசினே" என்றார் மனைவியிடம்.

"நீங்க ரொம்ப நேரம் பேசினீங்க. கை கழுவிட்டு வாங்க, ஆறிப்போகுது" என்றார் அவர்.